நெடுந்தீவுச் சுற்றுலாவில் ஊர்ச்சனம் எங்கே?

யாழ்ப்பாணக் கடலில் இருக்கும் நெடுந்தீவுக்குப் போய் வந்தவர்கள் போடும் படங்களைப் பார்த்திருப்பீர்கள். வெட்டைவெளியில் நிற்கும் குதிரை, பெருக்கு (பாவோபாப்) மரத்துப் பொந்துக்குள் நின்று சிரிக்கும் ஆள், இடிந்த கோட்டை, புறாக்கூடு, வளரும் கல். மேலே ‘வரலாற்றுச் சுற்றுலா’ என்று ஒரு வரி. அண்மையில் கொழும்பிலிருந்து வந்த நண்பர்களோடு நானும் அதே சுற்றைச் சுற்றி வந்தேன். வழிகாட்டி, ஓட்டோ, மத்தியானச் சாப்பாடு எல்லாம் பேசி ஒழுங்கு செய்த பயணம். அதைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். கோபப்படுகிறவர்கள் படட்டும்.

அங்கே சொல்லப்படும் வரலாற்றில் போர்த்துக்கேயர் வருகிறார்கள், பிறகு ஒல்லாந்தர், பிறகு ஆங்கிலேயர். ஆங்கிலேயர் கப்பலேறியதும் கதை முடிந்துவிடுகிறது. ஊர்ச்சனம் இந்தக் கதையில் எங்கேயும் இல்லை. வந்தவன் போனவன் வரிசையைத்தான் நாங்கள் காசு கொடுத்துக் கேட்டுவிட்டு வருகிறோம்.

முதலில் கோட்டையை எடுப்போம். ஆஸ்பத்திரிக்குப் பின்னால் இருக்கிறது. போர்த்துக்கேயர் கட்டினார்கள், ஒல்லாந்தர் பாவித்தார்கள் என்று இரண்டு வசனத்தில் முடித்துவிடுவார்கள். சுவரைக் கிட்டப் போய்ப் பாருங்கள். கல்லில் மடிப்பு மடிப்பாக, நெளிவு நெளிவாகக் கோடுகள் ஓடும். சில இடத்தில் விரல் நுனி அளவு பூப்போன்ற அச்சுகள் நெருக்கமாக இருக்கும். கடலுக்குள் உயிரோடு இருந்த பவளப் பாறை அது. இதை வெட்டியது யார்? தோளில் சுமந்தது யார்? சுண்ணாம்பு சுட்டது யார்? லிஸ்பனிலிருந்து கொத்தனார் கூட்டம் வந்து இறங்கியிருக்காது. ஒல்லாந்தர் காலத்து யாழ்ப்பாணத்தில் ‘ஊழியம்’ என்று ஒன்று இருந்தது. ஒல்லாந்தரின் வணிகக் கம்பனிக்குக் கூலியில்லாமல் உடம்பால் உழைத்துக் கொடுக்கவேண்டிய கட்டாயம். முடியாதவன் பணம் கட்டவேண்டும். இந்த ஒரு விசயத்தைச் சொல்லிவிட்டுச் சுவரைக் காட்டினால், பார்க்கிறவன் கண்ணுக்கு அந்தச் சுவரே வேறாகத் தெரியும்.

கோட்டையை விடுங்கள், ஓட்டோ ஓடும் ஒழுங்கையின் இரண்டு பக்கமும் பாருங்கள். அதே பவளக் கல்லையும் சுண்ணக் கல்லையும் சாந்து எதுவும் பூசாமல், ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய வேலி. கல்லுக்குக் கல் இடைவெளி தெரியும், அதற்குள்ளால் காற்றும் போகும், ஆனாலும் வேலி சாயாது. தீவு முழுக்க இப்படித்தான். எந்தக் கல்லை எந்தக் கல்லுக்கு மேல் வைத்தால் உட்கார்ந்துகொள்ளும் என்று கைக்குத் தெரிந்த சனம் கட்டிய வேலை இது. எங்கள் பயணத்தில் இந்த வேலிக்கு என்று யாரும் ஓட்டோவை நிறுத்தவில்லை. ஒரு நண்பர் மட்டும் ஓடுகிற ஓட்டோவிலிருந்து படமெடுத்தார், ஆடிப்போய் வந்திருந்தது.

அடுத்தது குதிரை. “குதிரையள் போர்த்துக்கேயர் கொண்டு வந்தது” என்றார் வழிகாட்டித் தம்பி. ஆங்கிலேயர் காலத்தில் நோலன் என்ற லெப்டினன்ட் இங்கே குதிரை வளர்ப்பைப் பார்த்துக்கொண்டார் என்பதையும் சொன்னார். லாயத்தின் தூண்கள் இன்றைக்கும் நிற்கின்றன. சரி. ஆனால் இந்தக் கடலில் குதிரை அதற்கு முன்பே வந்து போயிருக்கிறது. பக்கத்தில் நயினாதீவு நாகபூசணி அம்மன் கோயிலில் ஒரு கல்வெட்டு இருக்கிறது. 12ஆம் நூற்றாண்டு. பொலன்னறுவையிலிருந்து ஆண்ட முதலாம் பராக்கிரமபாகு தமிழில் வெட்டுவித்தது. வெளியூர் வணிகர்கள் ஊர்காவற்றுறைக்கு வந்து இறங்கவேண்டும், அவர்களுக்குப் பாதுகாப்புக் கொடுக்கவேண்டும் என்கிறது. யானையும் குதிரையும் கொண்டுவரும் கப்பல் உடைந்தால் நாலில் ஒரு பங்கு அரசனுக்கு, மிச்சம் உடையவனுக்கு. வேறு சரக்குக் கப்பல் என்றால் பாதிக்குப் பாதி. போர்த்துக்கேயர் இந்தப் பக்கம் தலைகாட்டுவதற்கு முந்நூறு ஆண்டுக்கு மேல் முன்னால், யாழ்ப்பாணத் தீவுக்கடலில் குதிரைக் கப்பல் உடைந்தால் யாருக்கு எவ்வளவு என்று சட்டமே இருந்திருக்கிறது. சிங்கள அரசன் தமிழில் போட்ட சட்டம். தெற்கிலிருந்து வரும் நண்பனுக்குச் சொல்ல இதைவிட நல்ல கதை உண்டா? குறிகட்டுவானில் நெடுந்தீவுக்கும் நயினாதீவுக்கும் ஒரே துறையில்தான் படகு ஏறுகிறோம். அதில் காத்திருக்கும் நேரத்திலாவது சொல்லலாம்.

வெடியரசன் கோட்டைக்கு வந்தால் வேறு தலையிடி. ஊர்க்கதை அது வெடியரசன் என்ற பழைய அரசனின் கோட்டை என்கிறது. கிடப்பது பௌத்த தூபிகளின் அடித்தளம் என்கிறார்கள் ஆய்வாளர்கள். வழிகாட்டிகள் ஆளைப் பார்த்து ஒன்றைச் சொல்லி மற்றதை விழுங்கிவிடுகிறார்கள். தமிழரிடையே பௌத்தம் இருந்தது என்று சொல்ல நமக்கும் நாக்குக் கூசுகிறது, சிங்களப் பக்கத்துக்கும் அது வசதியாக இல்லை. இரண்டையும் சேர்த்துச் சொன்னால் யாருக்கும் ஒன்றும் குறைந்துபோகாது.

இனி நான் உண்மையில் சொல்ல வந்த இடம். மாவிலித் துறையில் இறங்கியதும் ஓட்டோக்காரர்கள் சூழ்ந்துகொள்வார்கள். அந்தச் சந்தடியில் நீங்கள் கடந்துபோவது குமுதினிப் படகில் கொல்லப்பட்டவர்களுக்கான நினைவுத்தூபி. 1985 மே 15. இதே துறையிலிருந்து இதே குறிகட்டுவானுக்குப் போன படகு. நடுக்கடலில் மறித்து, பயணிகளை ஒவ்வொருவராகக் கூப்பிட்டு வெட்டினார்கள். பெண்களும் குழந்தைகளும் அதில் இருந்தார்கள். செய்தது கடற்படையினர் என்றுதான் உயிர் தப்பியவர்கள் சொன்னார்கள். அரசு மறுத்தது. ஒருவரும் தண்டிக்கப்படவில்லை. ஒவ்வொரு மே மாதமும் ஊர் கூடி விளக்கேற்றுகிறது.

எங்கள் பயணத்தில் அந்தத் தூபிக்கு ஒரு நிமிடம் இல்லை. திரும்பி வரும்போது வழிகாட்டியைத் தனியாகக் கேட்டேன்: “தம்பி, இதைப் பற்றி ஒண்டும் சொல்லேல்லையே?”

“கேட்டா சொல்லுவன் ஐயா. கேளாமல் சொன்னா சில ஆக்களுக்கு முகம் மாறீடும். பிறகு அடுத்த முறை கூப்பிட மாட்டினம்.”

அவரில் பிழை சொல்ல எனக்கு மனமில்லை. எங்களை ஒழுங்கு செய்து அனுப்பிய முகவர் கொடுத்த பட்டியலில் ஒன்பது இடம் இருந்தது, மத்தியானத்துக்குப் பிறகு புறப்படும் படகைப் பிடிக்கவும் வேண்டும். ஒரு இடத்துக்குப் பத்து நிமிடம். அதற்குள் அந்தப் பெடியன் குதிரையைக் காட்டுவானா, குமுதினியைச் சொல்வானா? நாள் முழுக்க வெயிலில் ஓடிவிட்டு அவர் கைக்கு வந்த காசைக் கேட்டபோது, எங்கள் நண்டுக்கறிச் சாப்பாட்டுக் காசு அதைவிடக் கூட என்பது தெரிந்தது.

“உல்லாசமாக வந்த சனத்துக்கு ஏன் இரத்தக் கதை?” என்று ஒருவராவது கீழே எழுதுவீர்கள், தெரியும். தென்னாபிரிக்காவில் ரொபன் தீவு இருக்கிறது. கேப்டவுனிலிருந்து படகேறிப் போகவேண்டும். நெல்சன் மண்டேலா தன் 27 ஆண்டுச் சிறைவாசத்தில் 18 ஆண்டு இருந்த இடம். அந்தச் சிறைக்குள் வழிகாட்டிகளாக அழைத்துப் போனவர்கள், அதே சிறையில் அடைபட்டுக் கிடந்த அரசியல் கைதிகள். தான் படுத்த இடத்தை, தனக்கு அளந்து கொடுத்த சாப்பாட்டை ஆள் நேரில் நின்று சொன்னார். உலகம் முழுவதிலுமிருந்து சனம் காசு கொடுத்துப் போய்க் கேட்டது. கேட்டதால் தென்னாபிரிக்காவின் சுற்றுலா படுத்துவிடவில்லை. அந்தத் தீவு 1999இல் உலக மரபுரிமைச் சின்னமும் ஆயிற்று.

ஆனால் ஒன்று. ரொபன் தீவில் அந்தக் கதையைச் சொல்ல ஆட்சி மாறவேண்டியிருந்தது. இங்கே அப்படி எதுவும் நடக்கவில்லை என்பதை மறந்துவிட்டு, “ஏன் சொல்கிறாய் இல்லை?” என்று ஒரு இருபத்தைந்து வயதுப் பெடியனை உலுக்குவது நியாயமில்லை. கொல்லப்பட்டவர்களின் வீட்டுக்காரர் சிலருக்கு, தங்கள் சாவு வீட்டைக் காசுக்குக் காட்டுகிறார்கள் என்றும் படலாம். ஆகவே என்ன சொல்வது, எப்படிச் சொல்வது என்பதை அந்தக் குடும்பங்களும் ஊர்ப் பெரியவர்களும் இருந்து பேசி முடிவெடுக்கவேண்டும். கொழும்பு அலுவலகமோ, என்னைப் போல ஒரு நாள் வந்து போகிறவனோ அதை எழுதிக் கொடுக்க முடியாது. அப்படி முடிவானதைத் தமிழிலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் தூபிக்குப் பக்கத்தில் பலகையாக வைத்தால், வழிகாட்டி தன் வாயால் சொல்லிப் பொல்லாப்புத் தேடவேண்டியதில்லை. வாசிக்கிறவன் வாசிப்பான்.

அதுவரைக்கும் போகிறவர்கள் செய்யக்கூடியது கொஞ்சம் இருக்கிறது. முகவரைப் பிடிக்காமல் துறையிலேயே ஊர் ஓட்டோ ஒன்றைப் பேசுங்கள். ஒன்பது இடம் வேண்டாம், நாலு போதும் என்று முதலே சொல்லிவிடுங்கள், காசைக் குறைக்காதீர்கள். முடிந்தால் இரவு தங்குங்கள், அப்போது பின்னேரப் படகுக்கு ஓடத் தேவையில்லை. கோடை உச்சத்தில் போகாதீர்கள். தண்ணீர் வற்றிக் குதிரைகள் சாகிற காலம் அது, ஊர்ச்சனத்துக்கும் நல்ல தண்ணீர் அரிதான காலம். அதில் நாங்கள் வேறு போய்க் குளிக்கக் கேட்டால் எப்படி இருக்கும்?