கூடெல்லோ!

(திருகோணமலை. ஒரு வீட்டின் பின்வளவு. பெரியம்மா பலகைக்கட்டையில் குந்தியிருந்து விளைமீனுக்குச் செதில் தட்டிக்கொண்டிருக்கிறார். போன் திருத்தும் கடையில் வேலை செய்யும் கஜன், ஒரு காலில் சப்பாத்தும் மற்றக் காலில் ரப்பர் செருப்புமாகப் படலையைத் திறந்து நொண்டி நொண்டி வருகிறான்.)

பெரியம்மா: ஆர், கஜனோ? பொங்கல் முடிஞ்சு நாலு நாளாச்சு. இப்பதான் இந்த வீட்டுக்கு வழி தெரிஞ்சுதோ?

கஜன்: சொல்லிப்போட்டுத்தானே போனனான் பெரியம்மா, மலைக்குப் போறம் எண்டு.

பெரியம்மா: உவர்மலை ஏறவே ஓட்டோ பிடிக்கிறவன் நீ. மலை எண்ட உடனே நான் கோணேசர் கோயிலுக்காக்கும் எண்டு நினைச்சன். எங்க போனனீங்கள்?

கஜன்: மீமுரே. கண்டிக்கு அங்கால, நக்கிள்ஸ் மலைக்குள்ள ஒரு கிராமம். அந்த மலைக்காடு உலக மரபுரிமை, 2010இல யுனெஸ்கோ அறிவிச்சது. சுத்தவர மலை, நடுவில படி படியா வயல்.

பெரியம்மா: வயலோ?

கஜன்: ஓம்.

பெரியம்மா: நெல்லு வயல்?

கஜன்: ஓம் பெரியம்மா.

பெரியம்மா: (கத்தியைக் கீழே வைக்கிறார்) தம்பலகாமத்தில உன்ர அம்மப்பான்ர காணி கிடக்கு. வந்து ஒருக்கா வரம்பில நில்லடா எண்டு பத்து வருசமாக் கூப்பிடுறன். வெயில் எண்டாய், டியூசன் எண்டாய், பேந்து கடை எண்டாய். இப்ப பொங்கலுக்கு வீட்டில நிக்காம, காசு குடுத்து நெல்லுப் பாத்திட்டு வாறியோ?

கஜன்: அது தட்டை வயல். இது மலை வயல்.

பெரியம்மா: சோறு ரெண்டிலயும் ஒரே மாதிரித்தான் வரும்.

கஜன்: செலவும் குறைவு பெரியம்மா. நாலு பேர், மூண்டு நாள், ஆளுக்குப் பன்னிரண்டாயிரம் எண்டு கணக்குப் போட்டுத்தான் வெளிக்கிட்டனாங்கள்.

பெரியம்மா: கணக்கு ஆர் போட்டது?

கஜன்: நான்தான்.

பெரியம்மா: சரி, சொல்லு. எந்த இடத்தில நாசமாப் போச்சு?

கஜன்: பஸ்ஸில. விடிய இஞ்ச இருந்து கண்டி பஸ். கந்தளாய், ஹபரணை, தம்புள்ளை, மாத்தளை, ஒரு பிரச்சினையும் இல்லை. கண்டியில மகியங்கனை பஸ் ஏறினம். ஹுன்னஸ்கிரியவில இறங்கோணும். மூண்டு பேர் படுக்கிறது, ஒராள் முழிச்சிருந்து எழுப்புறது எண்டு ஒழுங்கு.

பெரியம்மா: முழிச்சிருந்தது ஆர்?

கஜன்: நான்.

பெரியம்மா: ம்.

கஜன்: கண்ணைத் திறந்தா பஸ் வளைஞ்சு வளைஞ்சு கீழ இறங்குது. பக்கத்துச் சீட் ஆச்சி 'தஹ அட்ட வங்குவ' எண்டுறா. பதினெட்டு வளைவு. ஹுன்னஸ்கிரிய எப்பவோ போட்டுது. அடிவாரத்தில ஹசலகவில இறங்கி, வேற பஸ் பிடிச்சு, அதே பதினெட்டையும் திரும்ப ஏறினம். நாலு பேருக்கும் சத்தி.

பெரியம்மா: மாலை போட்ட சாமிமார்கூட பதினெட்டை ஒருக்காத்தான் ஏறுறவை. அதுவும் விரதமிருந்து. நீங்கள் கொத்துரொட்டி திண்டிட்டு ஏறியிருப்பியள்.

கஜன்: (சிறிது மௌனம்) அது எப்பிடித் தெரியும்?

பெரியம்மா: சத்தி எண்டாய் தானே. மேல சொல்லு.

கஜன்: பின்னேரமாப் போட்டுது. அங்கயிருந்து மீமுரேக்கு ஓட்டோ. அண்ணை ஏழாயிரம் கேட்டார். நான் விடேல்லையே. அரை மணித்தியாலம் பேரம் பேசி ஆறாயிரத்து எண்ணூறுக்கு இறக்கினன்.

பெரியம்மா: கெட்டிக்காரன்.

கஜன்: பேந்து பாத்தா பையளோட நாலு பேரும் ஒண்டில கொள்ளேல்லை. ரெண்டு ஓட்டோ.

(பெரியம்மா மீனின் முகத்தைப் பார்க்கிறார். மீனும் வாயைத் திறந்தபடிதான் இருக்கிறது.)

கஜன்: ஆனா போற வழியில கோபெட்ஸ் கெப் எண்டு ஒரு மலை இடுக்கு. அதில நிண்டு பாத்தா கீழ மீமுரே, எதிர்ல லக்கேகல எண்டு கூரான ஒரு மலை. காத்து எண்டா, ஆளைத் தள்ளி விழுத்துற காத்து. அது இராவணன்ர மலையாம். அவன்ர மயில் விமானம் அங்கதான் இறங்கினதெண்டு ஊராக்கள் கதைக்கினம்.

பெரியம்மா: ஆர், எங்கட இராவணனோ?

கஜன்: எங்கட இல்லைப் பெரியம்மா, அவையின்ர.

பெரியம்மா: கோணமலையை வாளால வெட்டினது ஆர்? வெட்டு இண்டைக்கும் கிடக்கு. தாய்க்குக் கிரியை செய்யக் கன்னியாவில ஏழு கிணறு எடுத்தது ஆர்? இஞ்ச வெக்கை தாங்கேலாம ரெண்டு நாள் அங்க நிண்டிட்டு வந்திருப்பான். ஆனா ஒண்டு பார். அவனும் நடந்து போகேல்லை, விமானத்திலதான் போயிருக்கிறான். பத்துத் தலையிருந்தவனுக்கு விளங்கியிருக்கு.

கஜன்: நடக்கத்தானே பெரியம்மா போறதே. கண்டிப் பக்கம் நிண்டு பாத்தா பொத்தின கையின்ர முட்டு மாதிரித் தெரியுதெண்டு வெள்ளைக்காரன் வைச்ச பேர் நக்கிள்ஸ். ஆக உயர்ந்த உச்சி கொம்பனிய, 1,906 மீற்றர்.

பெரியம்மா: ஏறினியோ?

கஜன்: இருக்கிற பக்கத்தைக் காட்டினவை.

பெரியம்மா: சரி. இந்தக் கால் என்ன கோலம்? இப்பிடி நீட்டு.

(கஜன் காற்சட்டையை முழங்கால் வரை சுருட்டுகிறான். கணுக்காலைச் சுற்றிச் சின்னச் சின்னச் சிவப்புப் புள்ளிகள். ஒன்றில் மட்டும் இன்னும் பஞ்சு ஒட்டியிருக்கிறது. பெரியம்மா எண்ணத் தொடங்கி, பதினேழில் களைத்து விடுகிறார்.)

கஜன்: வழிகாட்டிக்குக் காசு ஏன் எண்டு முதல்நாள் நாங்களே வெளிக்கிட்டம். ஆற்றங்கரைக்குப் போகோணும். ஒரு ஐயாவிட்ட கேட்டம். 'மே ளங்கய்' எண்டார். கிட்டத்தானாம். ஒரு மணித்தியாலம் நடந்தம். ஒரு அம்மாவிட்ட கேட்டம். 'ளங்கய்.' இன்னொரு மணித்தியாலம். விறகு கட்டிக்கொண்டு வந்த ஒரு பொடியன், 'தவ பொட்டக்' எண்டான். இன்னும் கொஞ்சமாம். சொல்லிப்போட்டு அந்த விறகோட எங்களைக் கடந்து போனான், போட்டான். திரும்பக் காணவேயில்லை.

பெரியம்மா: அவைக்குக் கிட்டத்தான். உனக்குத்தான் தூரம்.

கஜன்: ரெண்டாம் நாள் பயத்தில ஒரு வழிகாட்டியைப் பிடிச்சம். அறுபது வயசிருக்கும். பாட்டாச் செருப்பு, சாரம், கையில ஒரு கத்தி, அவ்வளவுதான். காட்டுக்குள்ள போய்க் கொஞ்ச நேரம். மழை தூறுது. திடீரெண்டு என்ர காலைக் காட்டி 'கூடெல்லோ! கூடெல்லோ!' எண்டு கத்துறார்.

பெரியம்மா: தமிழ் தெரிஞ்ச மனுசனோ?

கஜன்: நானும் அப்பிடித்தான் நினைச்சன்! பாரம் கூட எல்லோ எண்டு கேக்கிறார் எண்டு நினைச்சு, 'ஓம் ஐயா, சரியான கூட' எண்டன். அவர் தலையில கை வைச்சார். திரும்பவும் 'கூடெல்லோ' எண்டார். நான் பையைக் கழட்டி அவரிட்டக் குடுத்தன்.

பெரியம்மா: அந்த வயசு போன மனுசனிட்டயோ!

கஜன்: அவர் பையைத் தூக்கிப் பத்தைக்குள்ள எறிஞ்சுபோட்டு, குனிஞ்சு என்ர கால்மேஸைக் கீழ இழுத்துக் காட்டினார். அப்பதான் தெரிஞ்சுது பெரியம்மா. சிங்களத்தில கூடெல்லோ எண்டா அட்டையள்!

(பெரியம்மா சிரிக்கிறார். செதில் கையோடு நெற்றியைத் துடைத்ததில் நெற்றியில் இரண்டு செதில் ஒட்டி மினுங்குகிறது. சிரிப்பு அடங்கும் என்று கஜன் காத்திருக்கிறான். நேரம் எடுக்கிறது.)

பெரியம்மா: 'ஓம் ஐயா, சரியான கூட'! அதுவும் உண்மைதானே!

கஜன்: வரேக்க நூல் மாதிரி இருக்கும். மேஸ் துவாரத்துக்குள்ளாலயே பூரும். குடிச்சு முடிய முந்திரியப்பழம் மாதிரி. கடிக்கிறது தெரியவே தெரியாது. ஆனா விழுந்த பிறகும் ரத்தம் நிக்காது, அதின்ர எச்சில் ரத்தத்தை உறைய விடாது.

பெரியம்மா: உப்புக் கொண்டு போகேல்லையோ?

கஜன்: இல்லை.

பெரியம்மா: நிலாவெளியில உப்பளத்தை வைச்சுக்கொண்டு, உப்பில்லாமப் போயிருக்கிறான். அங்க மாரி மழை எண்டும் தெரியாதோ? இஞ்ச மழை பெய்ஞ்சா அந்தப் பக்கமும் பெய்யும்.

கஜன்: தையிலதானே வயல் பச்சையா நிக்கும். பச்சை வேணுமெண்டா அட்டையும் வரும். அந்த ஐயா சவுக்காரத்தை நனைச்சுக் கால் முழுக்கப் பூசிவிட்டார். பிறகு கிட்ட வரேல்லை.

பெரியம்மா: சப்பாத்துக்கு என்ன நடந்தது?

கஜன்: மலிவா வாங்கினது. வயலுக்குள்ள அடி கழண்டுது. நைலோன் கயிறு சுத்திக் கட்டினன். வரம்பில நடக்கேக்க கயிறு தடக்கி...

பெரியம்மா: விழுந்தியோ?

கஜன்: ஒருக்கா.

பெரியம்மா: கஜன்.

கஜன்: மூண்டு தரம். மூண்டு தட்டில. ஒண்டுக்குக் கீழ ஒண்டு.

பெரியம்மா: ஐயா உயிரோட இருந்திருந்தா இந்தக் கதையைக் கேட்டே போயிருப்பார். தம்பலகாமத்தாற்ற பேரன் வரம்பில வழுக்கினான் எண்டு! சரி, விழுந்தனீதானே, கிட்டப் பாத்திருப்பாய். வரம்பு மண்ணோ, கல்லோ?

கஜன்: கீழ கல்லு அடுக்கி, மேல மண்.

பெரியம்மா: உழவு? உழவு மெசின் திரும்ப இடமிராதே.

கஜன்: எங்களுக்குக் காட்டின தட்டுகள் சிலது இந்த வளவளவும் இல்லை. எருமையும் மண்வெட்டியும்தான் எண்டினம்.

பெரியம்மா: தண்ணி?

கஜன்: மேல ஓடை. அதில அணை மாதிரிக் கல்லுப் போட்டு வாய்க்காலுக்குத் திருப்புறது. முதல் தட்டு நிரம்பி ரெண்டாவதுக்கு, ரெண்டாவது நிரம்பி மூண்டாவதுக்கு.

பெரியம்மா: எங்களுக்குக் கந்தளாய்க் குளத்துத் தண்ணி. அதுக்கே தண்ணி பங்கிடுற வட்டவிதானையோட எத்தினை சண்டை. அங்க மேல்தட்டுக்காரன் அடைச்சா கீழ இருக்கிறவன்ர கதி என்ன?

கஜன்: அதைத்தான் சொல்ல வந்தனான். நாங்க தங்கினது அந்த வழிகாட்டி ஐயா வீட்டிலதான். இரவு ரெண்டு மணியிருக்கும். என்ர போனுக்கு ஒரு கோடு டவர் கூட இல்லை, நித்திரையும் இல்லை, திண்ணையில இருந்தன். தட்டுத் தட்டா தண்ணி விழுற சத்தம் மட்டும்தான். அவர் டோர்ச்சையும் மண்வெட்டியையும் எடுத்துக்கொண்டு இறங்குறார். எங்க எண்டு கையால கேட்டன். 'வக்கட' எண்டார்.

பெரியம்மா: (நிமிர்ந்து) வக்கடையோ?

கஜன்: ஓம், வரம்பில தண்ணி வெட்டி விடுற அதே வக்கடை. மூண்டு நாளில ஆரும் சொல்லித் தராம விளங்கின ஒரே சொல்லு அதுதான்.

(பெரியம்மா கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. கிணற்றடியில் காகம் ஒன்று மீன் தலையைக் குறிவைத்து நடக்கிறது.)

பெரியம்மா: எங்கட ஐயாவும் அப்பிடித்தான். ரெண்டு மணிக்கு எழும்பிப் போவார். அம்மா பேசுவா, வக்கடையையே கலியாணம் கட்டியிருக்கலாமே எண்டு. (காகத்தைப் பார்த்து) சூ! போ அங்கால! ... சாப்பாடு என்ன தந்தவை?

கஜன்: சிவப்பரிசிச் சோறு, பிலாக்காய்க் கறி, சம்பல். பிறகு... கருவாடு.

பெரியம்மா: மலையில ஏது கருவாடு?

கஜன்: அந்த அம்மா எங்கட ஊரைக் கேட்டா. சொன்னன். உடனே குசினிக்க போய்ப் பொட்டலத்தோட வந்து காட்டினா, 'திரிகுணாமலயே கரவல' எண்டு.

பெரியம்மா: பதினெட்டு வளைவு இறங்கி, பதினெட்டு வளைவு ஏறி, ரெண்டு ஓட்டோ பிடிச்சு, அட்டைக்கு ரத்தம் குடுத்து, திருகோணமலைக் கருவாடு திண்டிட்டு வந்திருக்கிறாய். மொத்தம் எவ்வளவு?

கஜன்: ஆளுக்குப் பத்தொன்பதாயிரத்து நானூறு. சப்பாத்துச் சேர்க்காம. (அவசரமாகப் பையைத் திறந்து) ஆனா உங்களுக்குக் கித்துள் பாணி கொண்டு வந்தனான்.

(போத்தல் வருகிறது. அதோடு ஒரு சேட்டும் ஒட்டிக்கொண்டு வருகிறது. சேட்டோடு எறும்புகள். போத்தலில் பாதிதான் மிச்சம். பெரியம்மா சுண்டுவிரலால் தொட்டு நாக்கில் வைக்கிறார், கண்ணை மூடுகிறார்.)

பெரியம்மா: இது சீனி கலக்காதது.

கஜன்: அந்த அம்மாவே காய்ச்சினது.

பெரியம்மா: (கையைக் கழுவிக்கொண்டு எழும்புகிறார்) பார்சல் ஒண்டு கட்டித் தாறன். கட்டாக் கருவாடு ஒரு கிலோ, நெத்தலி ஒரு கிலோ. கொண்டுபோய் அவவிட்டக் குடு. வரேக்க ரெண்டு போத்தல் பாணி வாங்கு. மூடியை இறுக்கிப் பூட்டு.

கஜன்: நான் திரும்பப் போறதோ? தபால்ல அனுப்பலாமே.

பெரியம்மா: கருவாட்டைத் தபால்ல அனுப்பினா தபால்காரன் என்ன பாவம் செய்தவன்? நீயே போ. உப்புக் கொண்டு போ. சவுக்காரம் கொண்டு போ. பஸ்ஸில படுக்காத.

கஜன்: சரியான தூரம் பெரியம்மா!

பெரியம்மா: தூரமோ? (படலையைக் கையால் காட்டி) மே ளங்கய்.