1946-இல் கொடியேற்றியது கேசோனா?

"1946-இல் சுதந்திர பிலிப்பைன்ஸின் முதல் அதிபராகக் கொடியேற்றியவர் மானுவல் கேசோன்" என்று ஒரு செய்தி சுற்றுகிறது. தவறு. அதற்கு 2 ஆண்டுகள் முன்பே, 1944 ஆகஸ்ட் 1 அன்று, நியூயார்க் மாநிலத்தின் சாரனாக் லேக்கில் காசநோயால் அவர் இறந்துவிட்டார். ஜப்பானியப் படையெடுப்பால் நாட்டைவிட்டு வெளியேறி, அமெரிக்காவிலிருந்தே அரசை நடத்திவந்தார். 1946 ஜூலை 4 அன்று அதிபராக இருந்தவர் மானுவல் ரோஹாஸ். இருவருக்கும் 'மானுவல்' என்பதால் குழம்பியிருக்கலாம்!

சரி, கேசோன் எதற்கு முதல் அதிபர்? 1935-இல், அமெரிக்க ஆட்சியின் கீழ் அமைந்த 'காமன்வெல்த்' எனும் தன்னாட்சி அரசுக்கு. அந்தத் தேர்தலில் அவரிடம் தோற்றவர், 1899-இல் அமைந்த முதல் குடியரசின் அதிபர் எமிலியோ அகினால்டோ. இளவயதில் கேசோன் போரிட்டது இதே அகினால்டோவின் படையில்தான்.