வேலிக்கு மேல் எட்டிப் பார்க்கும் குழந்தை

"டிரம்ப் கட்டிய சுவரில் மெக்சிகோக்காரர்கள் வரைந்த ஓவியம், அமெரிக்கா உடனே அழித்துவிட்டது" என்று ஒரு படம் சுற்றுகிறது. படம் நிஜம், கதை தப்பு.

அது ஓவியமே அல்ல. பிரெஞ்சுக் கலைஞரும் திரைப்பட இயக்குநருமான ஜேஆர் எடுத்த, ஒரு குழந்தையின் கறுப்பு வெள்ளைப் புகைப்படம். 2017 செப்டம்பரில், அமெரிக்க எல்லையை ஒட்டிய மெக்சிகோவின் டெகாடே ஊரில் சாரம் கட்டி அதை நிறுத்தினார். உயரம் சுமார் 20 மீட்டர். எல்லை வேலியை அது தொடவே இல்லை. அமெரிக்கப் பக்கம் நின்று பார்த்தால்தான் பிஞ்சு விரல்கள் வேலியைப் பிடித்திருப்பதுபோலத் தெரியும். அந்த வேலியும் டிரம்புக்கு முந்தையது.

அழித்தார்களா? இல்லை, ஒரு மாதம்போல இருந்தது. அப்புறம் அக்டோபர் 8 அன்று வேலியின் இருபுறமும் நீண்ட ஒரே மேசையில் விருந்து. மேசை மேல் இரண்டு பெரிய கண்களின் படம், வேலியின் பக்கத்துக்கு ஒரு கண். பாட்டுக் குழுவிலும் பாதிப் பேர் இந்தப் பக்கம், பாதிப் பேர் அந்தப் பக்கம்.