வெட்டித் தள்ளிய துண்டுகள்

பத்து வருடம் கல்யாண வீடியோக்களை எடிட் செய்து பிழைத்தவன் நான். பேச்சு தடுமாறினால் வெட்டு, இருமினால் வெட்டு, பக்கத்து அறையிலிருந்து யாராவது கூப்பிட்டால் வெட்டு. கை அப்படிப் பழகிவிட்டது. அருகிவரும் மொழிகளைப் பற்றிய ஆவணப்படங்களைப் பார்க்கும்போதும் அதே கத்தரியின் சத்தம்தான் எனக்குக் கேட்கிறது.

இத்தாலியின் மொலீசே மாநிலத்தில், அட்ரியாட்டிக் கடலிலிருந்து கொஞ்சம் உள்ளே தள்ளி, குன்றுகளின் மேல் மூன்று சிற்றூர்கள். ஊர்க்காரர்கள் வாயில் அவை க்ரூச், ஃபிலிச், முந்திமீதார். ஏறக்குறைய 500 ஆண்டுகளுக்கு முன், ஓட்டோமான் படைகளுக்கு அஞ்சிக் கடல் தாண்டிய குரோஷியர்களின் வாரிசுகள் இவர்கள். இன்று மொழியைச் சரளமாகப் பேசுபவர்கள் ஆயிரம் பேர்கூடத் தேற மாட்டார்கள். இத்தாலி 1999-இல் 482-ஆம் எண் சட்டத்தின் மூலம் சிறுபான்மை மொழியாக அங்கீகரித்துவிட்டது. ஆனால் வேலை தேடி ஊரை விட்டுப் போகும் பிள்ளைகளை எந்தச் சட்டம் நிறுத்தும்?

"என்ன மொழி பேசுகிறீர்கள்?" என்று கேட்டால் அவர்கள் குரோஷியன் என்று சொல்வதில்லை; 'நா-நாஷு' என்பார்கள். 'நம்ம மாதிரி' என்று பொருள். எவ்வளவு அழகான பெயர்!

இங்கே கேமராவோடு போகிறவர்கள் முதலில் எடுப்பது மே 1 திருவிழாவைத்தான். பச்சிலையும் பூவும் போர்த்திய 'மாயா' உருவம் தெருவில் போகும். பார்க்கக் கண்கொள்ளாக் காட்சிதான், மறுக்கவில்லை. பிறகு ஒரு பாட்டியை உட்கார வைத்துப் பாடச் சொல்வார்கள். என் சண்டை அதற்குப் பிறகுதான். பாட்டி பேச்சுக்கு நடுவே இத்தாலியச் சொல்லைக் கலந்தால், அது 'கலப்படம்' என்று துண்டு போய்விடும்.

அந்தக் கலப்புதானே நா-நாஷு! பெயர்ச்சொற்களில் ஆண், பெண் இரண்டு பால்தான் மிச்சம். இத்தாலிய மொழியோடு பழகிப் பழகி, குரோஷியனில் உள்ள மூன்றாவது பால், ஆணும் பெண்ணும் அல்லாதது, போய்விட்டது. குரோஷியனில் இல்லாத ஒரு வழக்கமும் வந்து சேர்ந்திருக்கிறது: நாம் 'ஒரு ஊரில்' என்று கதை தொடங்குவோமே, அதைப் போலப் பெயருக்கு முன்னால் 'ஒரு' போட்டுப் பேசுவது. தூய்மை பார்த்து எடிட் செய்தால் ஐந்து நூற்றாண்டு வாழ்க்கையே தரையில் விழுந்துவிடும்.

ஜெர்மானிய மொழியியலாளர் வால்டர் ப்ராய் பல ஆண்டுகள் இந்த ஊர்ப் பேச்சைப் பதிவு செய்திருக்கிறார். பிரான்சின் பங்லோஸ் இணையத் தொகுப்பில் அந்தக் குரல்களைக் கேட்கலாம். சாதாரண மனிதர்கள் சாதாரணமாகப் பேசுகிறார்கள். பின்னணி இசை இல்லை, மலை உச்சியில் சூரிய உதயம் இல்லை. எந்தத் திரைப்பட விழாவிலும் பரிசு கிடைக்காது. எனக்கு அதுதான் பிடித்திருக்கிறது. படம் எடுப்பவர்களும் ஒரு மணி நேரப் படத்தை விழாவுக்கு அனுப்பட்டும்; வெட்டாத முழுப் பதிவையும் ஊர் நூலகத்தில் வைத்துவிட்டுப் போகட்டும். பேரன் ஒரு நாள் தேடி வந்தால், பாட்டி ரொட்டி மாவு பிசைந்தபடி யாரையோ திட்டியது அவனுக்குக் கிடைக்க வேண்டும்.

சப்டைட்டில் போடுகிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. க்ரூச்சில் பிறந்த புரட்சியாளர் நிக்கோலா நேரி 1799-இல் நேப்பிள்ஸில் தூக்கிலிடப்பட்டவர். அவர் சொன்னதாக அந்த ஊர்கள் இன்றும் போற்றும் வாக்கியம்: "நெமோய்த்தே ஸாபித் நாஷ் லீபி யேஸிக்." நம் அழகிய மொழியை மறந்துவிடாதீர்கள் என்கிறார். 'அழகிய' என்பதற்கு அவர் ஊர்ச் சொல் 'லீபி'. பாடப்புத்தகக் குரோஷியனில் அது 'லியேபி'. தயவுசெய்து அதையும் திருத்திவிடாதீர்கள்.