ஃப்ளாக் என்று பெயர் இருந்தால் மட்டும் போதாது
'ஃப்ளாக் கோப்பாக இறக்கினால் மூலத்தின் ஒலி துளியும் குறையாமல் கிடைக்கும்' என்கிறது இங்கே வந்துள்ள கட்டுரை; ஃப்ளாக் என்பது ஒலியை இழக்காமல் சுருக்கி வைக்கும் கோப்பு வகை. பாதிதான் சரி. ஃப்ளாக் தன்னிடம் வந்த ஒலியைக் குறைக்காது, ஆனால் வந்ததே ஒலியில் கொஞ்சத்தை வெட்டிச் சுருக்கிய எம்பி3யாக இருந்தால்? கும்பகோணத்தில் எங்கள் தெருக் கோயில் உற்சவத்தில் அப்பா கேசட்டில் பிடித்த நாதஸ்வரக் கச்சேரியை ஒரு கடையில் கொடுத்து ஃப்ளாக்காக வாங்கினேன். ஒலியின் அலைவெண்களைப் படமாகக் காட்டும் ஸ்பெக் என்ற இலவச மென்பொருளில் போட்டுப் பார்த்தால் 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கத்தியால் வெட்டியதுபோல் ஒன்றுமே இல்லை, கேசட்டின் இரைச்சல்கூட அந்தக் கோட்டோடு நின்றுவிட்டது. பெரும்பாலும் 128 கேபிபிஎஸ் (நொடிக்கு 128 கிலோபிட்) அளவுக்குச் சுருக்கிய எம்பி3யின் அடையாளம் அது. அப்புறம் நானே கேசட் டெக்கிலிருந்து கணினிக்கு 24 பிட் நுணுக்கத்தில் ஏற்றினேன்; நாதஸ்வரத்தில் வாய் வைத்து ஊதும் சீவாளியில் நுழையும் காற்று, தவிலின் வலப்பக்கமான வலந்தலையில் விழும் விரல் கூடுகளின் அடி, தாளத்தின் கிணுகிணுப்பு எல்லாம் அதில்தான் முழுதாகக் கேட்டன. மேலே கருத்துகளில் ஒருவர், பழைய பதிவுகளை இலவசமாகச் சேமித்து வைக்கும் இன்டர்நெட் ஆர்க்கைவ் தளத்தில் எந்தக் கோப்பை எடுப்பது என்று கேட்டிருக்கிறார். அங்கே ஃப்ளாக் ஏற்றினால் எம்பி3யைத் தளமே தயாரித்து வைக்கும். ஒவ்வொரு பதிவோடும் உள்ள கோப்புப் பட்டியலில் எது ஏற்றியவர் கொடுத்த மூலம், எது தளம் உருவாக்கியது என்று குறித்திருக்கும், கோப்பு மாறினால் தானும் மாறிவிடும் சரிபார்ப்பு எண்ணான எம்டி5 எண்ணும் இருக்கும். மூலத்தையே எடுங்கள், அந்த எண்ணையும் சேர்த்து வையுங்கள்; பல வருடம் கழித்து கோப்பு கெட்டிருக்கிறதா என்று அதை வைத்துப் பார்த்துக்கொள்ளலாம். நாதஸ்வர மேதை திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை 1956இல் மறைந்தார், அவர் வாசிப்பு இனி பழைய பதிவுகளிலிருந்துதான் வர வேண்டும். வீட்டில் இசைத்தட்டோ கேசட்டோ வைத்திருப்பவர்கள், எம்பி3 எடுத்தாயிற்று என்று அதைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.