ஓட்டு கடன் இல்ல

நாலு நாளா பேசக் கூடாதுன்னுதான் இருந்தேன். அந்த வீடியோவ நீங்க எல்லாரும் பாத்துருப்பீங்க, பேரச் சொல்லி இன்னும் பெருசாக்க விரும்பல. பேராக்ல இருக்கற எங்க ஊரு சுங்கை சிப்புட்டப் பத்தி ஒருத்தரு மைக்க புடிச்சிக்கிட்டு, முன்னாடி உக்காந்திருக்கறவங்க கை தட்டத் தட்ட, "சுங்கை சிப்புட்காரனுங்க நன்றி கெட்டவனுங்க, தூக்கி விட்ட மனுஷனையே கவுத்துட்டானுங்க, அதான் ஊரு இன்னும் அப்படியே கெடக்கு"ன்னு பேசுறாரு. கீழ நம்மாளுங்களே சிரிச்சி வச்சிருக்காங்க. எங்கப்பா இப்ப உயிரோட இல்ல. இதக் கேக்காம போய்ட்டாரேன்னு நெனச்சிக்கிட்டேன்.

நான் சொல்ல வந்தது ஒன்னுதான். ஓட்டு கடன் இல்ல. யாரும் எங்களுக்கு ஓட்ட கடனா குடுக்கல, நாங்க வட்டியோட திருப்பிக் குடுக்க.

நன்றின்னு பேசுறவங்க கணக்குப் போட்டுப் பாத்தாங்களா? 1974ல மொதோ தடவ சாமிவேலு ஐயா, பின்னாடி மஇகா (மலேசிய இந்தியர் காங்கிரஸ்) தலைவரா, அமைச்சரா ஆனவரு, எங்க தொகுதியில நின்னாரு. அவரு குளுவாங் பக்கத்து ஆளு, எங்க ஊருக்காரர் கூட இல்ல. ஜெயிக்க வச்சோம். 78, 82, 86, 90, 95, 99, 2004. எட்டுப் பொதுத் தேர்தல், 34 வருஷம். அதுக்கு முன்னாடி மஇகா தலைவரா இருந்த சம்பந்தன் ஐயா, அவரு இந்த மண்ணுலயே பொறந்தவரு, அவரையும் எங்க ஊருதான் அனுப்புச்சு. எட்டு தடவ ஒரே மனுஷன நாடாளுமன்றத்துக்கு அனுப்புன ஊரு நன்றி கெட்ட ஊரா? ஒன்பதாவது தடவ இல்லன்னு சொன்னது மட்டும்தான் உங்களுக்கு ஞாபகம் இருக்குதா?

எங்கப்பா பால்மரம் வெட்டுனவரு. விடியறதுக்கு முன்னாடி பெரட்டுக்கு, அதான் ஆள் கணக்கெடுக்கற எடத்துக்கு, போய் நின்ன மனுஷன். ஓட்டுப் போடுற நாள்ல மட்டும் கல்யாணத்துக்கு வச்சிருந்த சட்டைய எடுத்துப் போடுவாரு, தோட்டத்துக்கு லாரி வரும், எல்லாரையும் ஏத்திக்கிட்டுப் போவாங்க. 86ல எனக்கு எட்டு ஒம்போது வயசு இருக்கும், அம்மா எதையோ மெதுவா கேக்க, அப்பா "பேசாத, சீட்டுல நம்பர் இருக்கு, யாரு எதுல போட்டான்னு பாத்துருவாங்க"ன்னு சொன்னது இன்னும் காதுல கேக்குது. தராசுல, அதாவது ஆளுங்கூட்டணி பாரிசான் சின்னத்துல, போடலன்னா வீட்ட விட்டு வெளியாக்கிருவாங்கன்னு பயந்தாரு. வீடு தோட்டத்தோடது, வேல போனா வீடும் போச்சு, அந்த மாதிரி வாழ்ந்த மனுஷனுக்குத்தான் அந்தப் பயத்தோட கனம் தெரியும். இதுவும் உங்க நன்றிக் கணக்குல சேருதா?

அப்புறம் தோட்டத்த வித்தாங்க. காலி பண்ணச் சொல்லி கடுதாசி வந்துச்சு. அப்பா ஒரு பிளாஸ்டிக் பைல ஐசி (அடையாள அட்டை), சம்பளச் சீட்டு எல்லாத்தையும் போட்டுக்கிட்டு ஒரு ஆபிசுக்குப் போனாரு, எந்த ஆபிசு, எந்தக் கட்சின்னு சொல்ல மாட்டேன். கவுண்டர்ல இருந்தவன் கேட்ட மொத கேள்வி, "உங்க கிளையில யாரு தலைவரு, அவரு கடுதாசி இருக்கா?" அப்பா அன்னிக்கு வீட்டுக்கு வந்து சாப்பிடல. எங்களுக்கு எம்பி இருந்தாரு, அமைச்சரும் அவருதான், ஆனா எங்களுக்கும் அவருக்கும் நடுவுல இத்தன பேரு கைய நீட்டிக்கிட்டு நின்னாங்க.

2008 மார்ச் 8. கோலாலம்பூர்லருந்து பஸ் ஏறிப் போனேன். ஓட்டுப் போட்டுட்டு வெளிய வந்து அப்பா என் காதுகிட்ட, "தராசுல போடல பாப்பா"ன்னாரு. ராத்திரி ரிசல்ட் வந்துச்சு, சாமிவேலுவ எதுத்து நின்ன டாக்டர் ஜெயகுமாரு 1,821 ஓட்டுல ஜெயிச்சிட்டாரு. ஊரே ரோட்டுல. எங்கப்பா வாசப்படியில உக்காந்து அழுதாரு. சாமிவேலுக்காக அழுதாரு. "பாவம், எவ்ளோ நாளா வந்துக்கிட்டிருந்த மனுஷன்"னு. மாத்திப் போட்டவரே அழுதாருங்க! எங்களப் பாத்து நன்றி இல்லன்னு சொல்றீங்க.

"ஏம்ஸ்ட் பல்கலைக்கழகம் யாரு கட்டுனா"ன்னு கேப்பீங்க. தெரியும், என் சித்தி மவ அங்கதான் படிச்சா, அந்த நன்றி இருக்குது, என்னிக்கும் இருக்கும். "பொதுப்பணி அமைச்சரா இருந்து ரோடு போட்டாரே"ன்னு சொல்லாதீங்க. பொதுப்பணி அமைச்சு ரோடு போடும், அது வரிப் பணம், எங்கப்பா கடையில வாங்குன சாமான்லயும் அந்தப் பணம் இருந்துச்சு.

இன்னொருத்தர் இன்பாக்ஸ்ல வந்து, "அப்ப அந்த டாக்டருக்கு என்னா செஞ்சீங்க, 2018ல டெபாசிட்டே போச்சே"ன்னு கேட்டாரு. இது எனக்கு வலிக்குது. உண்மதான். 1999லயும் 2004லயும் தோத்து, விடாம தோட்டம் தோட்டமா வந்து, 2011ல விசாரணையே இல்லாம அடைக்கற அவசரச் சட்டத்துல உள்ள தூக்கிப் போட்டும் திரும்பி வந்து எங்களுக்கு நின்ன மனுஷன், சொந்தக் கட்சியான பிஎஸ்எம் (மலேசிய சோசலிசக் கட்சி) சின்னத்துல நின்னதும் நாங்க அவர விட்டுட்டோம். ஆட்சிய மாத்தணும்னு எல்லாரும் ஒரே பக்கம் சாஞ்ச வருஷம் அது. நானும் அந்தப் பக்கம்தான் போட்டேன். அவருகிட்ட நேர்ல மன்னிப்பு கேக்கணும்னு ரொம்ப நாளா மனசுல இருக்கு. ஆனா அவரு ஒரு நாளும் எங்கள நன்றி கெட்டவங்கன்னு சொன்னதா நான் கேட்டதில்ல.

"ஊரு அப்படியே கெடக்கு"ன்னு சொன்னாருல்ல, அதுக்கு வாரேன். 2008க்கு அப்புறம் ஏன் கெடந்துச்சு? தொகுதி ஒதுக்கீடுன்னு ஒரு பணம் இருக்கு, தமிழ் ஸ்கூல் கூர, தாமான் (வீடமைப்புப் பகுதி) சாக்கட, கோயில் மண்டபம், லிந்தாங் பக்கம் உள்ள இருக்கற ஓராங் அஸ்லி பழங்குடி ஜனங்களுக்கு வேண்டியது எல்லாத்துக்கும் அதுலருந்து எடுக்கலாம். எதிர்க்கட்சி எம்பின்னா அன்னிக்கு அது அவரு கைக்கு வராது. டாக்டர் அதுக்குக் கோர்ட்டு வரைக்கும் போனாரு, எடுபடல. இப்ப ஆட்சி மாறியிருக்கு, எங்க எம்பி அரசாங்கப் பக்கம் இருக்காரு, அதுக்காக நான் வாய மூடிக்க மாட்டேன், இன்னிக்கும் எதிர்க்கட்சித் தொகுதிக்குச் சமமா குடுக்கறதில்ல, அது அன்னிக்கு எங்களுக்கு நடந்த அதே அநியாயம். ஓட்டு மாத்திப் போட்டவன் வரி கட்டலயா? எதிர்க்கட்சி ஜெயிச்ச கிளந்தான்ல இருக்கற மலாய்க்கார அம்மாவுக்கும் இதேதான்.

இதுல ஒரு எம்பிக்கு எத்தன பேருன்னு வேற பாக்கணும். நாடாளுமன்றத்துல 222 சீட்டு. 2022ல சிலாங்கூர்ல பாங்கி தொகுதியில மூணு லட்சத்துக்கு மேல வாக்காளருங்க, சரவாக்குல இகான்ல 28 ஆயிரத்துச் சொச்சம். பாங்கியில பத்து பேரு சேந்து போடுற ஓட்டு இகான்ல ஒருத்தரு போடுற ஓட்டுக்குச் சமம். ஆத்துல படகுலதான் போகணும், பெரிய காடு, அங்க சின்னத் தொகுதி வேணும்னு சொல்லுவாங்க, சரி, ஒத்துக்கறேன், அதுக்காகப் பத்து மடங்கா? நன்றியப் பத்தி மைக்ல பேசத் தெரியுது, இதப் பேச வாய் வரல.

2022ல மஇகா தலைவரே வந்து எங்க தொகுதியில நின்னாரு. வீடு வீடா வந்தாரு, நல்லாதான் பேசுனாரு, எங்கம்மா தேத்தண்ணி கலக்கிக் குடுத்தாங்க. ஓட்டு வேற. தண்ணி குடுக்கறது எங்க வீட்டுப் பழக்கம், ஓட்டு எங்கம்மாவோடது. அடுத்த தடவ யாருக்குப் போடுவாங்கன்னு எனக்கே சொல்ல மாட்டாங்க. சீட்டுல நம்பர் இருக்குன்னு பயந்து பயந்து போட்டவங்க இன்னிக்கு யாருக்கும் பதில் சொல்லாம போடுறாங்க, அதப் போய் கேவலமா பேசுறீங்களே.

அந்த வீடியோவ ஃபார்வர்ட் பண்ணிக்கிட்டிருக்கற சொந்தக்காரங்களுக்கு மட்டும் ஒன்னு. நம்ம குடும்பக் குரூப்ல அதப் போடாதீங்க. அம்மா அதுல இருக்காங்க, வர்ற எல்லா வீடியோவையும் தொறந்து பாப்பாங்க.