லுக்காவுக்கு லைன் கிளியர்

(அப்பா, தஞ்சாவூர்ப் பக்கம் ஒரு சின்ன ஸ்டேஷனில் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெற்றார் என்பது ரயில்வேயின் கணக்கு. மகள் மியூனிக்கில். செப்டம்பரில் அப்பாவும் அம்மாவும் அங்கே போய், மகள், மாப்பிள்ளை, பேரனோடு இத்தாலியில் ஐந்து நாள் "சும்மா ரிலாக்ஸா" இருந்துவிட்டு வருவதாக ஏற்பாடு. வாட்ஸ்அப் கால். அம்மா திரையில் வர மாட்டார். ஆனால் கூப்பிடு தூரத்தில்தான் வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருக்கிறார்.)

மகள்: அப்பா, நீங்க அனுப்பின ஃபைலைப் பார்த்தேன்.

அப்பா: எப்படி இருக்கு?

மகள்: பதினோரு பக்கம் இருக்கு.

அப்பா: பதினாலு இருந்தது. நீ ரிலாக்ஸ்னு சொன்னியேன்னு மூணு பக்கத்தை வெட்டிட்டேன்.

மகள்: முதல் வரியே புரியல. "04.50 எழுதல்." காலங்கார்த்தால என்ன எழுதணும்?

அப்பா: எழுந்திருக்கறதும்மா. கட்டத்துல இடம் பத்தல.

மகள்: ரோம், வெனிஸ், ஃப்ளாரன்ஸ், பீசா, மிலான். அஞ்சு நாள்ல அஞ்சு ஊர்!

அப்பா: நாளைக்கு ஒண்ணுதானே?

மகள்: இதுல ரிலாக்ஸ் எங்கப்பா இருக்கு?

அப்பா: மூணாம் பக்கம் பாரு. 14.10-லேர்ந்து 14.22 வரைக்கும்.

மகள்: பன்னெண்டு நிமிஷமா?

அப்பா: அதுக்குப் பேரு ரெக்கவரி டைம். வண்டி லேட்டா வந்தா அதுல ஈடு கட்டிக்கணும். லேட் ஆகலைன்னா எல்லாரும் உக்காந்துக்கலாம்.

மகள்: இதெல்லாம் வேணாம்பா. ஒரே ஊர். லுக்கா. அஞ்சு நாளும் அங்கேயே.

அப்பா: லுக்காவா? ஃப்ளாரன்ஸ்லேர்ந்து ப்ராத்தோ, பிஸ்தோயா வழியாப் போற வண்டியில வருமே, அதுவா?

மகள்: உங்களுக்கு எப்படித் தெரியும்?

அப்பா: டைம் டேபிள் பார்த்தேன். அதைப் படிக்க இத்தாலி பாஷை எதுக்கு? ஒன்றரை மணி நேரத்துக்குள்ள போயிடும். ஆனா ஒண்ணு சொல்றேன், வண்டி ரெண்டு மூணு நிமிஷம் நிக்கிற ஊரு. அதுல நாம அஞ்சு நாள் நின்னா என்ன நினைப்பாங்க?

மகள்: யாரு நினைப்பாங்க?

அப்பா: சரி, ஊர்ல என்ன இருக்கு?

மகள்: மதில் இருக்கு. ஊரைச் சுத்தி 4.2 கிலோமீட்டர், ஒரு இடத்துல கூட உடையாம அப்படியே நிக்குது. மேல ஏறி நாம நடக்கலாம்.

அப்பா: மதில் மேலயா? பூனை மாதிரியா?

மகள்: அடிப்பக்கம் மட்டும் 30 மீட்டர் அகலம்பா. மேல ரோடு மாதிரி இருக்கும். வரிசையா மரம், நல்ல நிழல். சைக்கிள் விடறாங்க, குழந்தைங்க ஓடுது, தாத்தாக்கள் பேப்பர் படிக்கிறாங்க.

அப்பா: அவ்வளவு பெரிய மதில்னா பெரிய சண்டை நடந்திருக்கணுமே. யாரு படையெடுத்து வந்தா?

மகள்: யாருமே வரல.

அப்பா: யாருமேயா?

மகள்: 1504-ல ஆரம்பிச்சு நூறு வருஷத்துக்கு மேல கட்டியிருக்காங்க. ஃப்ளாரன்ஸ்காரன் வந்துடுவான், வந்துடுவான்னு பயம். கட்டி முடிச்சுப் பீரங்கியெல்லாம் வெச்சுட்டுக் காத்திருந்தா, ஒருத்தனும் எட்டிப் பார்க்கல.

அப்பா: அடப்பாவமே. அப்ப செலவெல்லாம் வேஸ்டா?

மகள்: அதான் இல்ல. 1812-ல செர்க்கியோ ஆத்துல வெள்ளம் வந்துச்சு. எல்லாக் கோட்டைக் கதவையும் இறுக்கிச் சாத்திட்டாங்க. சொட்டுத் தண்ணி உள்ள வராதபடி மதில் ஊரைக் காப்பாத்திருச்சு. அப்போ ஊரை ஆண்டது நெப்போலியனோட தங்கச்சி எலிஸா. அந்தம்மா அந்த நேரம் பார்த்து வெளிய மாட்டிக்கிட்டாங்களாம்.

அப்பா: கதவைத் திறந்துட்டாங்களா?

மகள்: திறந்தா வெள்ளம் உள்ள வந்துடுமே! கிரேன் மாதிரி ஒண்ணைக் கட்டி, அந்தம்மாவை மதிலுக்கு மேலால தூக்கி உள்ள இறக்கினதா ஊர்ல ஒரு கதை சொல்றாங்க.

அப்பா: ஆள்றவங்களே வந்து நின்னும் கேட்டைத் திறக்கலை?

மகள்: திறக்கல.

அப்பா: (சற்று நேரம் பேச்சில்லை) கேட் கீப்பர்னா அவன். நம்ம லெவல் கிராஸிங்ல ஒரு தடவை சிவப்பு விளக்கு வெச்ச கார் வந்து நின்னு ஹாரன் அடிச்சுது, ஞாபகம் இருக்கா? லைன் கிளியர் குடுத்தாச்சு, வண்டி தாண்டுற வரைக்கும் திறக்க முடியாதுன்னுட்டேன்.

மகள்: அடுத்த மாசமே நம்மளை டிரான்ஸ்ஃபர் பண்ணாங்க.

அப்பா: அது ரொட்டீன் டிரான்ஸ்ஃபர்.

மகள்: நான் நாலாம் கிளாஸை மூணு ஸ்கூல்ல படிச்சேன்பா.

அப்பா: அதை விடு. இந்த ஊருக்குப் போகலாம். மதிலைப் பார்த்தாச்சு, அப்புறம்?

மகள்: குவினீஜி கோபுரம்னு ஒண்ணு இருக்கு. பழைய செங்கல் கோபுரம், உச்சியில ஏழு மரம் வளருது.

அப்பா: ஆலஞ்செடியா? நம்ம ஊர்க் கோபுரத்துலயும் முளைக்குமே. அதைப் பிடுங்கத்தான் கும்பாபிஷேகமே பண்றோம்.

மகள்: இது வேணும்னே வெச்சது. ஓக் வகை மரம். அந்தக் காலத்துல பணக்காரங்க போட்டி போட்டுக் கோபுரம் கட்டினாங்க. இவங்க ஒரு படி மேல போய் உச்சியில தோட்டமே போட்டுட்டாங்க. மேல நின்னா ஊர் முழுக்க ஓடு போட்ட கூரை தெரியும்.

அப்பா: படி எத்தனை?

மகள்: 230-க்கு மேல.

அப்பா: இரு, அம்மா என்னமோ சொல்றா. (திரும்பி) என்ன? ...ம். (போனில்) "மரத்தைக் கீழேர்ந்தே பார்த்துக்கறேன், நம்ம மாடியில இருக்கற கறிவேப்பிலைக்கு அஞ்சு நாள் யாரு தண்ணி ஊத்துவா"ங்கறா.

மகள்: எதிர்வீட்டு அத்தைகிட்ட சொல்லிக்கலாம்னு சொல்லுங்க.

அப்பா: ஊர்ல மணிக்கூண்டு உண்டா? மணி கரெக்டா காட்டுமா?

மகள்: இருக்கு, அதுக்கு 207 படி. அதுக்கும் ஒரு கதை. லூச்சிதா மான்சின்னு ஒரு அழகி. சாத்தான்கிட்ட ஆன்மாவை வித்து முப்பது வருஷ இளமை வாங்கிக்கிட்டா. கெடு முடியற ராத்திரி, மணி அடிக்கறதுக்குள்ள கடிகாரத்தை நிறுத்திடணும்னு அந்தப் படியில ஓடினாளாம்.

அப்பா: நிறுத்திட்டாளா?

மகள்: அதுக்குள்ள மணி அடிச்சுடுச்சு. சாத்தான் கூட்டிட்டுப் போயிட்டான்.

அப்பா: பாரு. ரெக்கவரி டைம் வெச்சிருக்கணும்.

மகள்: அப்பா!

அப்பா: கோயில்?

மகள்: ஊர் முழுக்க சர்ச்தான். சான் மிக்கேலேன்னு ஒண்ணு, முன்பக்கச் சுவர் மட்டும் வானத்துக்கு நிக்கும், பின்னாடி கட்டடம் குட்டை. உள்ளே உசத்திக் கட்டறதுக்குள்ள காசு தீர்ந்துடுச்சாம்.

அப்பா: நம்ம பஜார்ல ஒத்தை ரூம் கடைக்கு மூணு மாடி போர்டு வெப்பாங்களே, அதேதான். வேற சர்ச் என்ன இருக்கு?

மகள்: சான் மார்த்தினோ. வாசல் தூண்ல சுத்துச் சுத்தா ஒரு வழி செதுக்கியிருக்கு, குறுக்கே அரை மீட்டர் இருக்கும். வர்றவங்க விரலை வெச்சு வெளியிலேர்ந்து நடு வரைக்கும் தடவிக்கிட்டே போவாங்க. நூத்துக்கணக்கான வருஷம் தடவித் தடவி நடுவுல இருந்த உருவமே தேஞ்சு போச்சு.

அப்பா: சிங்கிள் லைனா?

மகள்: என்னது?

அப்பா: நடுவுக்குப் போன விரல் திரும்பி வரும்போது, எதிர்ல இன்னொருத்தர் விரல் வந்தா கிராஸிங் எங்க?

மகள்: (ஒரு நொடி யோசித்து) தெரியலப்பா.

அப்பா: போய்ப் பார்த்துடலாம். அதுக்கு அரை மணி போடறேன்.

மகள்: போடாதீங்க! இப்பதான் முக்கியமான விஷயத்துக்கு வரேன். மதியம் ஒரு மணி வாக்குல நிறைய கடையைச் சாத்திடுவாங்க. திரும்ப நாலு மணியாயிடும். ராத்திரிச் சாப்பாடு ஏழரைக்கு மேலதான். நீங்க அட்டவணை போட்டாலும் ஊர் கேக்காது.

அப்பா: தினம் மூணு மணி நேரம் லைன் பிளாக்கா? யாரும் கேள்வி கேக்கறதில்லையா?

மகள்: தூங்கறாங்கப்பா.

அப்பா: டியூட்டி நேரத்துலயா! (ரகசியமாக) நல்ல ஊராத்தான் இருக்கு. காபி?

மகள்: கிடைக்கும். ஆனா தம்ளர் கணக்கு கிடையாது. குட்டிக் கப்பு, அடியில ரெண்டு மடக்கு. கவுன்டர்ல நின்னுக்கிட்டே குடிச்சுட்டுப் போயிடுவாங்க. நிறைய இடத்துல உக்காந்தா விலை ஜாஸ்தி.

அப்பா: உக்காரக் காசா?

மகள்: ஹோட்டல்லயும் கோப்பெர்த்தோன்னு தலைக்கு ஒரு தொகை பில்லுல போடுவாங்க. சண்டை போடாதீங்க, அது அங்க வழக்கம்.

அப்பா: நான் ஏன் சண்டை போடறேன்? எழுதிக் குடுக்கச் சொல்வேன்.

மகள்: அம்மாவுக்குத்தான் சாப்பாடு கஷ்டம்னு நினைச்சேன். ஆனா செச்சீனான்னு ஒண்ணு இருக்கு, கொண்டைக்கடலை மாவு, தண்ணி, உப்பு, ஆலிவ் எண்ணெய், அவ்வளவுதான். பெரிய வட்டத் தட்டுல ஊத்தி அடுப்புல சுட்டு, துண்டு போட்டுத் தருவாங்க. மேல மிளகுத்தூள்.

அப்பா: அம்மா, "அடை"ங்கறா.

மகள்: புச்செல்லாத்தோன்னு பன் மாதிரி ஒண்ணு, திராட்சையும் சோம்பும் போட்டது.

அப்பா: "சோம்பு எதுக்கு இனிப்புல"ங்கறா. ஆனா கத்தியைக் கீழ வெச்சுட்டா, காது குடுக்கறா.

மகள்: எல்லாத்தையும்விட நல்ல விஷயம் கேளுங்க. நான் பார்த்து வெச்ச வீடு. மதிலுக்கு உள்ளயே, ரெண்டு பெட்ரூம், பெரிய கிச்சன்! நாலு பர்னர் அடுப்பு, ஓவன், மிக்ஸி கூட இருக்கு. அம்மா ரசப்பொடி மட்டும் எடுத்துட்டு வந்தா போதும், மாப்பிள்ளைக்கும் பேரனுக்கும் நம்ம சாப்பாடு...

(மறுமுனையில் பாத்திரம் நகரும் சத்தம். பிறகு அம்மாவின் குரல், வார்த்தை விளங்காமல்.)

மகள்: என்னப்பா சொல்றாங்க?

அப்பா: அது... விடும்மா.

மகள்: சொல்லுங்க.

அப்பா: "அடுப்பு இருந்தா அது லீவு இல்ல, டிரான்ஸ்ஃபர்"ங்கறா.

(மியூனிக்கில் நீண்ட அமைதி.)

மகள்: ...ஹோட்டல் பார்க்கறேன்பா.

அப்பா: காலைல டிபன் அவங்களே தர மாதிரி பாரு.

மகள்: சரிப்பா. அம்மாகிட்ட இன்னொண்ணு சொல்லுங்க. செப்டம்பர் 13 ராத்திரி அங்க திருவிழா. தெரு விளக்கையெல்லாம் அணைச்சுட்டு, ஊர்வலம் போற வழியில ஜன்னல் விளிம்பு, சுவர் விளிம்பு எல்லாத்துலயும் குட்டிக் கண்ணாடிக் கிண்ணத்துல விளக்கு வெப்பாங்க. ஆயிரக்கணக்குல. கார்த்திகை மாதிரி இருக்கும்.

அப்பா: (திரும்பிச் சொல்லிவிட்டு) "யாரு ஏத்தறது"ன்னு கேக்கறா.

மகள்: ஊர்க்காரங்கதான்.

அப்பா: "அப்பச் சரி"ங்கறா. "மறுநாள் கிண்ணத்தை யாரு கழுவறது"ன்னும் கேக்கறா.

மகள்: நிச்சயமா நாம இல்ல.

அப்பா: அப்ப முழு சம்மதம். நான் ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேன். அங்கேர்ந்து பீசா அரை மணி நேரம். ஒரே ஒரு அரை நாள். சென்ட்ரல்ல இறங்க வேணாம், அதுக்கு முந்தின ஸ்டேஷன் சான் ரொஸ்ஸோரே, கோபுரத்துக்குக் கிட்ட. அப்புறம் பேப்பர் டிக்கெட் வாங்கினா ஏர்றதுக்கு முன்னாடி மெஷின்ல குத்திக்கணும், இல்லைன்னா ஃபைன். பேரனுக்கு அதை நான் சொல்லித் தரேன்.

மகள்: பேரனுக்கா, உங்களுக்கா?

அப்பா: ஆளுக்கு ஒரு டிக்கெட் குத்துவோம்.

மகள்: சரி, பீசா ஓகே. அந்தப் பதினோரு பக்கத்தை அழிச்சுடுவீங்களா?

அப்பா: அப்பவே அழிச்சாச்சு. புதுசு ரெடி.

மகள்: புதுசா! பேசிக்கிட்டிருக்கும்போதேவா?

அப்பா: அரைப் பக்கம்தான். படிக்கட்டுமா? முதல் நாள், மதில், அப் டைரக்‌ஷன். ரெண்டாம் நாள், மதில், டவுன் டைரக்‌ஷன்.

மகள்: (சிரித்து) அம்மா 4.2 கிலோமீட்டர் நடப்பாங்களா? மிதிக்கிற நாலு சக்கர வண்டி வாடகைக்கு உண்டு. நீங்களும் மாப்பிள்ளையும் மிதிச்சா, அம்மாவும் பேரனும் உக்காந்து வரலாம்.

அப்பா: அவளுக்கு அதெல்லாம் வேணாமாம். ஒண்ணே ஒண்ணுதான் கேட்டா. மதில் மேல நிழல்ல பெஞ்சு இருக்கான்னு.

மகள்: வழி நெடுக இருக்கு.

அப்பா: அப்ப எழுதிட்டேன். "10.00 வருகை, பெஞ்சு."

மகள்: புறப்பாடு?

அப்பா: கோடு போட்டிருக்கேன்.

மகள்: கோடுன்னா?

அப்பா: டெர்மினஸுக்குப் புறப்பாட்டு நேரம் போட மாட்டோம்மா. வண்டி அத்தோட நின்னுடும்.

மகள்: அப்ப மதியச் சாப்பாடு?

அப்பா: இரு, கேக்கறேன். (திரும்பி, திரும்பவும் போனில்) "பெஞ்சுக்குக் கொண்டு வா"ங்கறா.